காரைக் கடலில் திமிங்கிலம் இருந்ததா?

அரியலூர், பெரம்பலூர் பக்கம் கடல் இருந்ததுன்னு நான் சொன்னதும் வரும் கேள்வி: "அப்போ திமிங்கில எலும்பும் கிடைக்குமா?"

கிடைக்காதுங்க. பெரம்பலூர் மாவட்டம் காரைப் பாறைகளுக்கு வயது சுமார் 10 கோடி ஆண்டு. திமிங்கிலத்தின் முன்னோர் கடலில் இறங்கியதே சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன்புதான்.

காரைக் கடலில் வேட்டையாடியவற்றில் ஒன்று இக்தியோசார். டால்பின் ஜாடை, ஆனால் ஊர்வன இனம். அதன் பற்கள் அங்கே கிடைத்திருக்கின்றன. வித்தியாசம் வாலில் தெரியும். இக்தியோசாரின் வால் மீன் வால் மாதிரி செங்குத்தாக நின்று இடமும் வலமும் ஆடும். கொலைத் திமிங்கிலம் எனப்படும் ஓர்காவின் வால் படுக்கையாக இருந்து மேலும் கீழும் அடிக்கும்.

காரணம் முதுகெலும்பு. பல்லி நடந்தால் உடம்பு பக்கவாட்டில் நெளியும். நாய் ஓடினால் முதுகு மேலும் கீழும் வளையும். ஓர்காவின் முன்னோர் நாலு காலில் திரிந்த பாலூட்டிகள். அந்த ஓட்டம்தான் இன்றும் அதன் நீச்சல்.

அந்த முன்னோரின் உறவும் இந்தியாவில்தான் கிடைத்தது. ஜம்முவின் காலாகோட்டில் புவியியலாளர் ஏ. ரங்கா ராவ் சேகரித்த பாறைகளில் இருந்த இண்டோஹையஸ், பூனை அளவே உள்ள குளம்பு விலங்கு. அதன் காது எலும்பு திமிங்கிலத்தின் காது எலும்பு போலத் தடித்திருந்ததை 2007-இல் தேவிசன் குழு அறிவித்தது.

ஆகவே எலும்பு கிடைத்தால், ஜாடை பார்க்கும் முன் பாறையின் வயதைக் கேளுங்க.