கப்பலேறும் தும்புச்சோறு

‘கழிவு’ என்னும் சொல்லை நாம் மிக எளிதாக வழங்கிவிடுகிறோம். ஒரு பொருள் எமக்குப் பயன்படாதபோது அது கழிவாகிறது. அப்பொருளே அயல் வளவுக்காரருக்குப் பயன்படுமாயின் அவர் அதனைக் கழிவென்று சொல்லமாட்டார். இச்சிறிய உண்மையைக் கைத்தொழில் உலகம் ஏற்றுக்கொள்ள நெடுங்காலம் சென்றது. நிலத்திலிருந்து எடுத்தல், ஆலையில் ஆக்குதல், பயன்படுத்தியபின் குப்பை மேட்டில் எறிதல் என்னும் நேர்கோட்டு முறையே இரு நூற்றாண்டுகளாக நிலைபெற்றிருந்தது. அக்கோட்டை வளைத்து, அதன் முடிவைத் தொடக்கத்தோடு பொருத்தவேண்டும் என்போர் தம் கொள்கைக்கு வட்டப் பொருளாதாரம் எனப் பெயரிட்டுள்ளனர்.

இதற்கு எடுத்துக்காட்டுக் கேட்போருக்கு அறிஞர்கள் பெரும்பாலும் டென்மார்க்கு நாட்டின் கலுண்ட்போர்க்கு நகரையே சுட்டுவர். நிலத்தடி நீர் வற்றிவிடக்கூடாதென்று 1961 ஆம் ஆண்டில் அங்குள்ள எண்ணெய்ச் சுத்திகரிப்பாலைக்கு ஏரி நீரைக் குழாய்வழி கொணர்ந்தனர். அது தொடக்கம். பின்னர் மின்னிலையத்தின் மிஞ்சிய நீராவி சுத்திகரிப்பாலைக்கும் மருந்தாலைக்கும் சென்றது; வீடுகளைச் சூடாக்கவும் உதவியது. 1976 முதல் மருந்தாலையின் நொதிப்புக் கழிவு சுற்றுப்புற வயல்களுக்குப் பசளையாயிற்று. 1993 இல் மின்னிலையத்தின் புகையிலிருந்து கந்தகத்தைப் பிரித்தபோது கிடைத்த ஜிப்சம், பக்கத்திலிருந்த சுவர்ப்பலகை ஆலைக்கு மூலப்பொருளாயிற்று. எவரும் கொள்கை பேசி இவற்றைத் தொடங்கவில்லை. செலவு குறைவதைக் கண்டு தொடங்கினர். இவ்வமைப்புக்கு ஒரு பெயர் சூட்டப்பட்டதே 1980களின் இறுதியிலேதான்.

இக்கொள்கையின் சிறப்பையும் அதன் சிக்கலையும் ஒருங்கே அறிவதற்கு நாம் டென்மார்க்கு வரை செல்லவேண்டியதில்லை. எமது அடுக்களைப் புறத்தில் கிடக்கும் பொச்சுமட்டையும் சிரட்டையும் போதும். இலங்கையில் பெரும்பாலான ஆண்டுகளில் 250 கோடிக்கும் 300 கோடிக்கும் இடைப்பட்ட தேங்காய்கள் விளைகின்றன. குருநாகல், புத்தளம், கம்பஹா மாவட்டங்களை உள்ளடக்கிய தெங்கு முக்கோணமே இவற்றுட் பெரும்பகுதியைத் தருவது. பருப்பை நாம் உண்கிறோம். மிஞ்சியவை எங்கே செல்கின்றன?

சிரட்டையின் கதை முதலில். அடுப்பெரிக்கவும் அகப்பை செய்யவும் பயன்பட்ட இப்பொருளுக்கு முதலாம் உலகப் போர் புதிய மதிப்பைத் தந்தது. நச்சு வாயுவிலிருந்து போர்வீரரைக் காக்கும் முகமூடிகளில் இட வேறெந்தக் கரியையும்விடச் சிரட்டைக் கரியே சிறந்ததெனக் கண்டனர். காரணம் அதன் அடர்த்தியும் நுண்டுளைகளுமாம். சிரட்டையைக் கரியாக்கி, அக்கரியை 800 பாகை செல்சியசுக்கு மேற்பட்ட வெப்பத்தில் நீராவியோடு சேர்த்தால் அதன் துளைகள் திறக்கின்றன. அவ்வாறு உயிர்ப்பூட்டிய கரியில் ஒரு கிராமின் உட்பரப்பு 1000 சதுர மீற்றர் அளவினது. இன்று குடிநீரைத் தூய்தாக்கவும் சுரங்கங்களில் கரைசலிலிருந்து பொன்னைப் பற்றியெடுக்கவும் அது பயன்படுகிறது. அவ்வகைக் கரியை உலகச் சந்தைக்கு அனுப்பும் நாடுகளுள் இலங்கையும் ஒன்று. முன்னர் ஊர்தோறும் குழியிலே சிரட்டையைச் சுட்டுப் புகையால் அயலாரை வருத்திய நிலையும் சிறிது மாறியிருக்கிறது. படல்கமப் பகுதியிற் கரி சுடும்போது எழும் வாயுவின் வெப்பத்தைக் கொண்டே மின்சாரம் ஆக்கும் ஆலையொன்று அமைக்கப்பட்டது.

பொச்சுமட்டையின் கதை இத்துணை நேரானதன்று.

மட்டையை நீரில் ஊறவைத்து அடித்தால் தும்பும் தும்புச்சோறும் பிரிகின்றன. எடையிற் பார்த்தால் மூன்றில் ஒரு பங்கே தும்பு. மற்ற இரு பங்கும் சோறு. ஆகவே தும்பாலைக்காரர் தமக்கு வேண்டியதைப்போல் இருமடங்கு வேண்டாததைப் பெற்றனர். கயிறும் தூரிகையும் மெத்தையும் வெளிநாடு சென்றன. சோறு ஆலையின் பின்புறத்திற் குவிந்தது. இலிக்னின் என்னும் மரப்பொருள் மிகுந்த அது எளிதில் உக்குவதில்லை. மழை பெய்தால் தேநீர் நிறத்தில் சாயம் வடிந்து வாய்க்காலைக் கெடுக்கும். கோடையில் தீப்பிடித்தால் நாட்கணக்கிற் புகையும். மலைபோல் உயர்ந்த அக்குவியல்களை எவ்வாறு அகற்றுவது என்பதே ஆலைக்காரரின் நீண்டகாலக் கவலையாயிருந்தது.

அக்கவலையைத் தீர்த்தவர்கள் குளிர்நாட்டுத் தோட்டக்காரர். ஒல்லாந்திலும் இங்கிலாந்திலும் கண்ணாடிக் கூடங்களிலே தக்காளியும் பூஞ்செடியும் வளர்ப்போர் மண்ணுக்குப் பதிலாகப் ‘பீட்’ எனப்படும் சதுப்பு நிலக் கரிமண்ணைப் பெரிதும் பயன்படுத்தி வந்தனர். அம்மண் ஒரு மீற்றர் திரள ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகள் செல்லும். அதனைத் தோண்டினால் அதிலே அடைபட்டிருக்கும் காபன் வானில் கலக்கும். மாற்றுப்பொருளை அவர்கள் தேடியபோது, 1980களில், தும்புச்சோறு அவர்தம் கண்ணிற் பட்டது. பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே ஆங்கிலத் தோட்டக்கலைஞர் இதனைப் பயன்படுத்திப் பின் கைவிட்டிருந்தனர் என்பது வேடிக்கையான செய்தி. தன் எடையைப்போற் பன்மடங்கு நீரை அது தாங்கும். வேருக்குக் காற்றும் விடும். நன்கு உலர்த்தி ஐந்திலொரு பங்காக அழுத்திக் கட்டிகளாக்கினால் கப்பலில் அனுப்புவது எளிது. இவ்வாறு குப்பைமேடுகள் கரைந்தன. கிராமத்து ஆண்களுக்கும் பெண்களுக்கும் வேலை கிடைத்தது. நாட்டுக்கு அந்நியச் செலாவணி வந்தது. இப்போது தும்பையே பிரிக்காமல் முழுமட்டையையும் சிறு துண்டுகளாக நறுக்கிச் செடிவளர்ப்புக்கென அனுப்புவோரும் உளர். கழிவாயிருந்தது விளைபொருளாகிவிட்டது.

வட்டப் பொருளாதாரத்துக்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுமா என்று கேட்கத் தோன்றும். ஆனால் கணக்கை இன்னும் ஒரு படி கீழே, தென்னையின் வேர் வரை கொண்டுசென்று பார்த்தல் வேண்டும்.

தென்னை மண்ணிலிருந்து மிகுதியாக எடுக்கும் ஊட்டம் பொற்றாசியம். அதில் ஒரு பெரும்பங்கு பருப்பிலன்றி மட்டையிலேயே தங்குகிறது. இதனாலேயே லுணுவிலவிலுள்ள தெங்கு ஆராய்ச்சி நிலையம் மட்டைகளைத் தோட்டத்திலேயே குழிவெட்டிப் புதைக்கும்படி நெடுங்காலமாகக் கூறிவருகிறது. இரு மரங்களுக்கிடையே குழியில் மட்டையும் மண்ணும் மாறிமாறி அடுக்கினால், மழைநீரை அது பஞ்சுபோற் பிடித்துவைத்து வறட்சியில் வேருக்குக் கொடுக்கும். பல ஆண்டுகளில் மெல்ல உக்கிப் பொற்றாசியத்தையும் திருப்பித்தரும். மட்டை ஆலைக்குச் சென்றால் இவ்விரண்டும் தோட்டத்துக்கு இல்லை.

சோற்றோடு அச்சத்து ஒல்லாந்துக்குப் போகிறதா என்றால், அங்கும் முழுமையாகப் போவதில்லை. சோற்றிலுள்ள சோடியமும் பொற்றாசியமும் குளோரைட்டும் இளஞ்செடிக்கு மிகையாம். ஆதலின் ஏற்றுமதிக்கு முன் அதனை நன்னீரில் மீண்டும் மீண்டும் கழுவுகின்றனர். உயர்தரச் சோறு வேண்டுவோருக்குக் கல்சியம் நைத்திரேற்றுக் கரைசலில் ஊறவைத்து, ஒட்டியிருக்கும் பொற்றாசியத்தையும் வெளியேற்றுகின்றனர். அக்கழுவுநீர் எங்கே செல்கிறது? பெரும்பாலும் ஆலையின் வாய்க்காலுக்கே. கல்சியம் நைத்திரேற்று இறக்குமதிப் பொருள். இலங்கையிற் பொட்டாசுக் கனியம் இல்லை. எப்பாவலையில் பொசுபேற்றுப் பாறை உண்டு, அவ்வளவே. எனவே மட்டையிலுள்ள பொற்றாசியத்தைக் கழுவித் தள்ளுவதற்கு ஒரு பசளையை விலைகொடுத்து வாங்குகிறோம். அதனை இழந்த மண்ணுக்கு ஈடுசெய்ய இன்னொரு பசளையைக் கனடா, உருசியா, பெலரூசு, யேர்மனி போன்ற பொட்டாசு விளையும் நாடுகளில் தேடுகிறோம். இரு செலவும் வெவ்வேறு மனிதரின் ஏடுகளில் எழுதப்படுவதால் எவருக்கும் இது விந்தையாகத் தோன்றுவதில்லை.

பசளை தடையின்றி வரும் காலத்தில் இது பொறுக்கத்தக்கதே. 2021 ஆம் ஆண்டு அவ்வாறு இருக்கவில்லை. அவ்வாண்டின் முற்பகுதியில் இரசாயனப் பசளை இறக்குமதி தடைசெய்யப்பட்டது; நவம்பரில் தடை நீங்கியது; அடுத்த ஆண்டு செலாவணித் தட்டுப்பாடும் விலையேற்றமும் வந்தன. நெல்லின் இழப்பு அடுத்த அறுவடையிலேயே தெரிந்தது. தென்னையோ மெல்லப் பேசும் மரம். பாளையின் கரு தோன்றிய நாள்முதல் தேங்காய் முற்றி விழும்வரை ஏறத்தாழ 44 மாதங்கள் செல்லும். ஒரு பருவத்தில் மரம் பட்ட வாட்டம் ஆண்டுகள் கழிந்தே குலையிற் காணப்படும். 2024 இன் இறுதியிலும் 2025 இலும் கடைகளிலே ஒரு தேங்காய் 200 ரூபாவுக்கும் மேல் விற்றதை இல்லத்தரசியர் மறந்திருக்கமாட்டார். அதற்குக் காரணம் பல கூறுவர்: வெப்பம், மழைக்குறைவு, வெள்ளீ, குரங்குத் தொல்லை. மரங்களுக்குப் பசளை இடப்படாமையும் அவற்றுள் ஒன்றாகச் சொல்லப்படுகிறது. அதன் பங்கு எவ்வளவாயினும், மட்டை புதைத்த தோட்டக்காரர் கப்பலை மட்டுமே நம்பியிருக்க நேர்ந்திராது.

எமது யாழ்ப்பாணத்து விவசாயி இவ்வகையில் வெகு கண்டிப்பானவர். வேலியடைத்த பனையோலையையும் கூரை வேய்ந்த ஓலையையும் பழுதானபின் அவர் எறிவதில்லை; புகையிலைத் தோட்டத்திற் புதைப்பார். முதலில் நிழல், பின்னர் மறைப்பு, இறுதியிற் பசளை என்று ஓலை மூன்று தொழில் செய்தது. மதில்கள் எழுந்து வேலிகள் மறைய அவ்வழக்கமும் குறைந்து வருவது வேறு கதை.

இவ்வாறு எழுதுவதால் தும்புச்சோற்று ஏற்றுமதியை நிறுத்துக என்பது எமது கருத்தன்று. அதனை நம்பி வாழும் குடும்பங்கள் பல. குளிர்நாட்டுச் சதுப்பு நிலம் தோண்டப்படாமற் காக்கப்படுவதும் உலகுக்கு நன்மையே. எமது வினா வேறு: வட்டம் என்று சொல்லப்படுவதன் முனைகள் எங்கே சந்திக்கின்றன? கலுண்ட்போர்க்கில் மருந்தாலையின் கழிவு பக்கத்து வயலுக்குச் சென்றது. எமது நாட்டிலோ தும்பாலையும் தென்னந்தோட்டமும் மதிலோடு மதிலாக இருந்தும் கழுவுநீர் வாய்க்காலிலே போகிறது.

அந்நீரில் தென்னை வேண்டும் பொற்றாசியம் உண்டு; குளோரைட்டும் உண்டு, அதுவும் தென்னைக்கு ஆகாததன்று. சாயமும் உப்பும் அளவுக்கு மிஞ்சினால் மண் கெடும் என்பதால் கண்மூடித்தனமாய்ப் பாய்ச்சுவதும் தகாது. தொட்டியிற் சேர்த்து, உப்பின் செறிவை அளந்து, முதற் கழுவலின் செறிந்த நீரை வேறாகப் பிரித்து, இத்தனை மரத்துக்கு இவ்வளவு என வரையறுத்தல் வேண்டும். உப்புச் செறிவை அளக்கும் கருவி ஏற்றுமதி ஆலைகளிலே ஏற்கெனவே உண்டு. சோறு போதிய அளவு கழுவப்பட்டதா என்று பார்க்க நாள்தோறும் அதனைப் பயன்படுத்துகிறார்கள். இப்போது சோற்றை அளக்கும் அதே கருவியை வாய்க்கால் வாயிலிலும் ஒருமுறை வைத்துப் பார்த்தல் வேண்டும். மட்டை விற்கும் தோட்டக்காரரோ விலை பேசும்போது தேங்காய்க் கணக்கோடு அவ்வாண்டின் பொட்டாசுக் கணக்கையும் கையில் வைத்துக்கொண்டு, நூறு மட்டைக்கு எத்தனையை விற்பது, எத்தனையைக் குழிக்கு வைப்பது என்று தீர்மானிக்கலாம். குழி வெட்டுவதற்கு ஏற்ற காலம் மழை தொடங்குமுன்.