வரப்புத் தகராறில் அடிதடியா? அப்பீலில் உங்கள் சாட்சியம் நிற்குமா?

சந்தவாசல் பக்கம் ஜவ்வாது மலையடிவாரத்தில் நிலம் வைத்திருப்பவர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. பக்கத்து நிலத்துக்காரர் வரப்பை ஒரு முழம் வெட்டிச் சேர்த்துக்கொண்டால் வாய்ப்பேச்சு சண்டையாகி, மண்வெட்டிக் காம்பு வரை போய்விடும். அடிபட்டவர் ஆஸ்பத்திரிக்குப் போவார், வழக்குப் பதிவாகும். மாஜிஸ்திரேட் கோர்ட்டில் தண்டனையும் கிடைக்கலாம். ஆனால் எதிரி 30 நாளுக்குள் திருவண்ணாமலை அமர்வு நீதிமன்றத்தில் அப்பீல் செய்ய முடியும். அங்கே என்ன நடக்கும்?

அப்பீலில் பொதுவாகச் சாட்சிகளை மறுபடி கூண்டில் ஏற்ற மாட்டார்கள். உங்கள் கண்ணீரையோ தழும்பையோ நீதிபதி பார்க்கப்போவதில்லை. அவர் முன்னால் இருப்பது கேஸ் கட்டு. அதில் மூன்று காகிதங்களை எதிரி வக்கீல் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டுவார்: ஆஸ்பத்திரியின் விபத்துப் பதிவேடு, எஃப்.ஐ.ஆர்., கோர்ட்டில் நீங்கள் சொன்ன சாட்சியம்.

ஒரு உதாரணம். டாக்டரிடம் "தெரிந்த 2 பேர் கட்டையால் அடித்தார்கள்" என்கிறீர்கள். டாக்டர் அதை அப்படியே எழுதிக்கொள்கிறார். ராத்திரி ஸ்டேஷனில் யாரோ ஒருவர், "அவங்க அண்ணனையும் மச்சானையும் சேர்த்துப் போடுப்பா, அப்பதான் அடங்குவாங்க" என்கிறார். புகாரில் 5 பேர், கையில் கத்தி. உண்மையில் அடித்த அந்த 2 பேர் தப்பிக்க நீங்களே வழி போட்டுக் கொடுத்துவிட்டீர்கள். ஒரு பொய்க்காக முழு சாட்சியத்தையும் தள்ள வேண்டும் என்ற விதி நம் நாட்டில் இல்லை, உண்மையைப் பிரித்தெடுக்க நீதிமன்றம் முயலும். பிரிக்க முடியாதபடி கலந்துவிட்டால் சந்தேகத்தின் பலன் எதிரிக்குத்தான்.

"சொந்தக்காரன் சாட்சி செல்லாது" என்று ஊரில் சொல்வார்கள். தப்பு. உண்மையான குற்றவாளியை விட்டுவிட்டு அப்பாவியைக் கைகாட்ட நெருங்கிய உறவினர் சாதாரணமாக விரும்பமாட்டார் என்று 1953-இல் தலீப் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பகை இருந்தால் மட்டும் கூடுதல் கவனம். ஒரே சாட்சி போதுமா? போதும். 1957-இல் நம் மாநிலத்திலிருந்து போன வடிவேலு தேவர் வழக்கில், கொலையானவரின் மனைவி சொன்ன சாட்சியத்தை வைத்தே தண்டனை உறுதியானது. தலையை எண்ணக் கூடாது, தரத்தைப் பார்க்க வேண்டும் என்பதுதான் அந்தத் தீர்ப்பு. காயம்பட்டவரின் சாட்சியத்துக்குக் கூடுதல் மதிப்பு உண்டு, அவர் சம்பவ இடத்தில் இருந்தார் என்பதற்குக் காயமே அத்தாட்சி. முதல் அடி தோளிலா முதுகிலா என்பது போன்ற சின்ன முரண்பாடுகளை நீதிமன்றம் பெரிதாக எடுப்பதில்லை.

பலர் மறைக்கும் விஷயம் ஒன்று இருக்கிறது. எதிரிக்கும் பலத்த அடி பட்டிருந்து, அது எப்படி வந்தது என்று உங்கள் தரப்பு வாயே திறக்கவில்லை என்றால், அப்பீலில் அது பெரிய ஓட்டை. அவர் தற்காப்பு என்பார். நிலத்தைக் காக்கத்தான் தடுத்தேன் என்றும் சொல்வார். அப்போது பட்டா யார் பேரில் என்பதோடு, அன்று நிலம் யார் அனுபவத்தில் இருந்தது என்ற கேள்வியும் வரும். சிட்டாவை செல்போனில் எடுத்துவிடலாம். பயிர் செய்தவர் யார் என்பதற்கு அடங்கலும் கையில் இருக்கட்டும்.

எஃப்.ஐ.ஆர். நகல் உங்களுக்கு இலவசம், கேட்டு வாங்குங்கள். கையெழுத்துப் போடும் முன் புகாரை வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். ஸ்டேஷனுக்குப் போகத் தாமதமானால் காரணத்தைப் புகாரிலேயே எழுதுங்கள். ஆஸ்பத்திரியில் இருந்தேன் என்பது நியாயமான காரணம்தான்.

எதிரி விடுதலையானால் கதை முடிந்துவிடாது. பாதிக்கப்பட்டவரும் அப்பீல் செய்யலாம். 2009 கடைசியில் வந்த இந்த உரிமை, இப்போது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 413-ஆம் பிரிவில் இருக்கிறது. ஆனால் விடுதலைத் தீர்ப்பை மாற்றுவது கடினம். சாட்சியங்களை இரண்டு விதமாகவும் நியாயமாகப் பார்க்க முடியும் என்றால், விடுதலையில் மேல் கோர்ட் கைவைக்காது. வழக்கு எந்த நிலையில் என்பதை இ-கோர்ட்ஸ் செயலியில் பார்க்கலாம். வக்கீல் வைக்க வசதியில்லாதவர்கள் 15100 என்ற சட்ட உதவி எண்ணில் பேசலாம்.