முறையும் விட்டுக்கொடுத்தலும்

அக்கராயன் குளத்து நீரைக் கமக்காரர் முறைவைத்துப் பாய்ச்சுவர். வீட்டு விளையாட்டுப் பொறிக்கும் அத்தகையதொரு முறை வந்துள்ளது. நின்டெண்டோ நிறுவனத்தார் தம் சுவிட்ச் பொறிகளுக்கென 2025 ஆம் ஆண்டிலே புகுத்திய மெய்நிகர் விளையாட்டு அட்டையை, 8 பேர் வரை கொண்ட குடும்பக் குழுவினுள் இரவல் கொடுக்கலாம். கொடுத்தவர் அதுவரை அதனை ஆடவியலாது. 14 நாள் கழிந்ததும் அது தானே உரியவரிடம் மீளும்.

இரவலின் இலக்கணம் பிழையாமையால் இதனை நான் பாராட்டுகிறேன். ஆயினும் ஒரு வேறுபாடுண்டு. குளத்து முறையைக் கமக்காரர் கூட்டத்திற் பேசித் தீர்மானிப்பர். அயலான் பயிர் வாடக் கண்டால் தம் முறையையும் விட்டுக்கொடுப்பர். பொறியோ நாளை மட்டுமே எண்ணும். ஆடி முடியாத தம்பியின் ஏக்கம் அதற்குத் தெரியாது, அண்ணனுக்குத் தெரியும். மீண்டும் கொடுப்பது அவன் கையிலேயே உளது. அந்த மனத்தைப் பயிற்றுவது பெற்றோர் கடன். ஆசிரியராகிய நம் கடனும் அதுவே.