பெயரின் அரபு எழுத்து எது?

மகளுக்கு அமல் என்று பெயர் வைக்கப் போகிறீர்களா? அதை அரபு எழுத்தில் எழுதிப் பாருங்கள். அலிஃபில் தொடங்கினால் நம்பிக்கை என்று பொருள். ஐன் எழுத்தில் தொடங்கினால் செயல். ‘சட்டம் அமலுக்கு வந்தது’ என்கிறோமே, அந்த அமல்தான் இது! தமிழில் இரண்டையும் ஒரே மாதிரிதான் எழுதுகிறோம். அதனால் தமிழில் அச்சான பெயர்ப் பட்டியலை மட்டும் நம்பிவிடக் கூடாது.

அரபுச் சொற்களில் பெரும்பாலானவை மூன்றெழுத்து வேரிலிருந்து கிளைப்பவை. அந்த வேரைப் பிடித்து அகராதியில் தேட வேண்டும். இப்னு மன்ஸூர் 13-ஆம் நூற்றாண்டில் தொகுத்த ‘லிஸானுல் அரப்’ இன்றும் பெரிய துணை. வேர் அகப்படவில்லையா? பெயர் வேறு மொழியிலிருந்து வந்திருக்கலாம். பர்வீன் பாரசீகப் பெயர். கார்த்திகை விண்மீன் கூட்டத்தைக் குறிப்பது. எவ்வளவு அழகு!

பிறப்புச் சான்றிதழில் பெயரைப் பதியும் முன், அரபு எழுத்தோடு உங்கள் பள்ளிவாசல் ஹஜ்ரத்திடம் ஒருமுறை காட்டிவிடுங்கள்.