வீட்டுக்கடன்: இஎம்ஐ தெரியும், எந்த வருஷம் முடியும்னு தெரியுமா?



வீட்டுக்கடன் வாங்கப் போற யார்கிட்ட பேசினாலும் முதல் கேள்வி, "மாசம் எவ்வளவு வரும்?" சம்பளம் 85,000, இஎம்ஐ 35,000, மீதி 50,000-ல குடும்பத்தை ஓட்டிடலாம், சரி, எங்க கையெழுத்து போடணும்? பத்து நிமிஷத்துல கணக்கு முடிஞ்சிடும். பேங்க்ல இருக்கிறவரும் அந்த ஒரு கேள்விக்குப் பதில் சொல்லி அனுப்பிடுவார். மொத்தம் எவ்வளவு கட்டப் போறேன், எந்த வருஷம் முடியும், நடுவுல வட்டி ஏறினா அந்த வருஷம் எங்க போய் நிக்கும்னு கேக்குறவங்க ரொம்பக் கம்மி.

இன்னிக்கு அந்த மூணு கேள்வியைத்தான் பாக்கப் போறோம். எண்கள் கொஞ்சம் அதிகமா வரும். நிதானமா படிங்க, 20 வருஷத்துக்கான விஷயம்.

40 லட்சம் எப்படி 83 லட்சம் ஆகுது?

ஆவடி பக்கமோ பெருங்களத்தூர் பக்கமோ 50 லட்சத்துக்கு ஒரு வீடுன்னு வெச்சுக்குவோம். 30 லட்சத்துக்கு மேல 75 லட்சம் வரைக்குமான கடனுக்கு, சொத்து மதிப்புல 80% வரைதான் பேங்க் தரலாம்ங்கிறது ஆர்பிஐ விதி. அதனால கடன் 40 லட்சம், கைக்காசு 10 லட்சம். முத்திரைத்தீர்வை, பதிவுக் கட்டணம் எல்லாம் தனி, அதுக்கும் கைக்காசுதான். வட்டி 8.5%, காலம் 20 வருஷம்.

இஎம்ஐ 34,713 ரூபாய். 240 மாசம் கட்டினா மொத்தம் 83.31 லட்சம். அதாவது வட்டி மட்டும் 43.31 லட்சம், வாங்கின கடனை விட அதிகம்.

முதல் மாசத்தை மட்டும் பிரிச்சுப் பாருங்க. 40 லட்சத்துக்கு 8.5% வட்டின்னா ஒரு மாசத்துக்கு 28,333 ரூபாய். நீங்க கட்டுற 34,713-ல இது போக அசலுக்குப் போறது வெறும் 6,380. அடுத்த மாசம் அசல் 6,380 குறைஞ்சிருக்கும், அதனால வட்டி 45 ரூபாய் குறையும், அந்த 45 ரூபாய் அசல் பக்கம் சேரும். இப்படி ஆமை வேகத்துலதான் ஆரம்பிக்குது. முதல் வருஷம் முழுக்க 4.17 லட்சம் கட்டியிருப்பீங்க, கடன் குறைஞ்சது சுமார் 80,000. அஞ்சு வருஷம் முடியும்போது கட்டினது 20.83 லட்சம், கடன்ல இன்னும் 35.25 லட்சம் பாக்கி.

அசலும் வட்டியும் பாதிப் பாதியா வர்ற மாசம் எது தெரியுமா? 143-வது மாசம். கிட்டத்தட்ட 12 வருஷம் கழிச்சு. கடன் பாதியா, அதாவது 20 லட்சமா குறையறதுக்கு 13 வருஷம் 10 மாசம் ஆகும். அஞ்சாவது வருஷத்துல பெங்களூருக்கு வேலை மாறி வீட்டை வித்துடலாம்னு நினைக்கிறவங்களுக்கு இந்த எண்கள் முன்னாடியே தெரிஞ்சிருக்கணும். "இவ்வளவு கட்டியும் பாக்கி இவ்வளவா?"ன்னு ஸ்டேட்மென்ட்டைப் பாத்து அதிர்ச்சி ஆகுறது அங்கதான்.

ஒரு விஷயத்தை நேர்மையா சொல்லிடணும். "பேங்க் உங்களை ஏமாத்துது"ன்னு சிவப்பு அம்புக்குறி போட்டு நிறைய வீடியோ வருது. இதுல ஏமாத்து எதுவும் இல்ல. பாக்கி எவ்வளவோ அதுக்குத்தான் வட்டி, கணக்கு சுத்தமா சரி. இன்னொண்ணு, அந்த 43 லட்சம் இன்னிக்கு மதிப்புல 43 லட்சம் கிடையாது. 19-வது வருஷம் கட்டுற 34,713 ரூபாய்க்கு இன்னிக்கு இருக்கிற கனம் இருக்காது, அதுக்குள்ள உங்க சம்பளமும் ஏறியிருக்கும். வாடகை மிச்சமாகுறதையும் சேத்துத்தான் பாக்கணும். அதனால 83 லட்சம்ங்கிற எண்ணைப் பாத்து பயந்து ஓட வேண்டாம். என் கவலை வேற.

காலம் நீளும்போது

"சார், 30 வருஷம் போட்டா இஎம்ஐ குறையும்"னு சொல்லுவாங்க. உண்மைதான், 34,713-லிருந்து 30,757 ஆகும். மாசம் சுமார் 4,000 ரூபாய் மிச்சம். ஆனா மொத்தம் கட்டுறது 83 லட்சத்துலேருந்து 1.10 கோடிக்கு மேல போயிடும். 4,000 ரூபாய் சலுகைக்கு விலை 27 லட்சம். இதையாவது நீங்க தெரிஞ்சே கையெழுத்து போடுறீங்க. உங்களுக்குத் தெரியாமலே காலம் நீளுற கதை ஒண்ணு இருக்கு.

2019 அக்டோபர் 1-லேருந்து பேங்க்ல புதுசா தர்ற ஃப்ளோட்டிங் வீட்டுக்கடன் எல்லாம் ஒரு வெளி அளவுகோலோட இணைஞ்சிருக்கணும்னு ஆர்பிஐ சொல்லிடுச்சு. பெரும்பாலான பேங்க் எடுத்துக்கிட்டது ரெப்போ ரேட். ரெப்போ ஏறினா உங்க வட்டியும் ஏறும், இறங்கினா இறங்கும். 2020 மே மாசம் ரெப்போ 4%-க்கு வந்துச்சு. ரெண்டு வருஷம் அப்படியே இருந்துச்சு. அந்த நேரத்துல 6.75%, 6.9%னு வீட்டுக்கடன் கிடைச்சுது, நிறைய பேர் வாங்கினாங்க. 2022 மே மாசம் ஏற ஆரம்பிச்ச ரெப்போ, 2023 பிப்ரவரியில 6.50%-ல போய் நின்னுச்சு. ஒன்பதே மாசத்துல 2.5% ஏத்தம்.

2021-ல 28 வயசுல 40 லட்சம் கடன் வாங்கின ஒருத்தரை எடுத்துக்குவோம். வட்டி 6.75%, 20 வருஷம், இஎம்ஐ 30,415. 48 வயசுல முடியணும். ரெண்டு வருஷம் ஒழுங்கா கட்டினார், பாக்கி 37.97 லட்சம். இப்ப வட்டி 9.25%. ஏத்தம் படிப்படியா வந்தது, கணக்கு சுலபமா இருக்க ஒரே தடவையில ஏறினதா வெச்சுக்கிறேன். மாச வட்டி மட்டும் 29,270 ஆயிடுச்சு. அதே 30,415-ஐக் கட்டினா அசலுக்குப் போறது 1,145 ரூபாய்!

இஎம்ஐ மாறல, அதனால அவருக்கு எதுவுமே தெரியாது. அக்கவுன்ட்லேருந்து மாசா மாசம் அதே தொகைதான் போகுது. ஆனா பாக்கி இருந்த 18 வருஷம், 35 வருஷம் 7 மாசமா நீண்டிருக்கும். 48 வயசுல முடிய வேண்டிய கடன் 65 வயசு தாண்டிப் போகுது. ரிட்டயர்மென்ட் வயசைத் தாண்ட பேங்க் சாதாரணமா விடாது, அதனால ஒரு கட்டத்துல இஎம்ஐ-யையும் ஏத்துவாங்க. அது வரைக்கும் காலத்தை இழுத்துக்கிட்டேதான் போகும்.

அவர் அன்னிக்கே பேங்க்குக்குப் போய், "காலத்தை நீட்டாதீங்க, இஎம்ஐ-ஐ ஏத்துங்க"ன்னு சொல்லியிருந்தா? 18 வருஷத்துல முடிக்க இஎம்ஐ 36,154 ஆகியிருக்கும். மாசம் 5,740 ரூபாய் கூடுதல். வலிக்கும்தான். ஆனா அந்த 18 வருஷத்துல கட்டுற மொத்தம் 78 லட்சம். காலத்தை நீட்டி 427 மாசம் கட்டினா 1.30 கோடி. வித்தியாசம் 50 லட்சத்துக்கு மேல. அதே வீடு, அதே கடன், அதே வட்டி.

இந்தக் குளறுபடி பெருசா ஆனதாலதான் 2023 ஆகஸ்ட் 18-ல ஆர்பிஐ ஒரு சுற்றறிக்கை போட்டுச்சு. வட்டி மாறும்போது இஎம்ஐ-ஐ ஏத்துறதா, காலத்தை நீட்டுறதா, ரெண்டும் கொஞ்சம் கொஞ்சமான்னு தேர்ந்தெடுக்கிற வாய்ப்பை வாடிக்கையாளருக்குக் கொடுக்கணும். மூணு மாசத்துக்கு ஒரு தடவை தர்ற ஸ்டேட்மென்ட்ல, இது வரைக்கும் வசூலான அசல், வட்டி, இஎம்ஐ தொகை, இன்னும் எத்தனை இஎம்ஐ பாக்கி, வட்டி விகிதம் எல்லாம் இருக்கணும். உரிமை இருக்கு. ஆனா அந்த மெசேஜ் வரும்போது நீங்க பதில் சொல்லலைன்னா பழையபடி காலம்தான் நீளும்.

கடன் ஓடிக்கிட்டு இருக்கிறவங்க இப்பவே ஆப்பைத் திறந்து ஸ்டேட்மென்ட்டை டவுன்லோட் பண்ணுங்க. பாக்கித் தவணை எத்தனைன்னு பாருங்க. வாங்கினப்ப 240, மூணு வருஷம் கட்டியாச்சு, அப்ப 204 இருக்கணும். 260-னு காட்டினா, காரணம் புரிஞ்சிருக்கும்.

இப்ப காத்து நம்ம பக்கம் அடிக்குது. 2025-ல ரெப்போ நாலு தடவை குறைஞ்சு, டிசம்பர்ல 5.25% ஆச்சு. வட்டி இறங்கும்போது இஎம்ஐ-ஐக் குறைக்க ஆசையா இருக்கும், தயவுசெஞ்சு குறைக்காதீங்க. நம்ம முதல் உதாரணத்துல, அஞ்சு வருஷம் கழிச்சு வட்டி 8.5%-லிருந்து 7.5% ஆச்சுன்னா, இஎம்ஐ 32,678-ஆக இறங்கும். அதை வேண்டாம்னு சொல்லிட்டு 34,713-ஐயே கட்டினா கடன் ஒன்றரை வருஷம் முன்னாடியே முடியும், 2.7 லட்சம் மிச்சம். ஏற்கெனவே கட்டிப் பழகின தொகைதானே.

சீக்கிரம் அடைக்கிறது பத்தி

தனிநபருக்கான ஃப்ளோட்டிங் வீட்டுக்கடனை முன்கூட்டியே கட்டினா அபராதம் கிடையாது. இது தெரியாமலே நிறைய பேர் தயங்குறாங்க.

ஆனா எப்போ கட்டுறோம்ங்கிறதுலதான் எல்லாம் இருக்கு. 40 லட்சம், 8.5% கடன்ல முதல் வருஷம் முடியும்போது போனஸ்லேருந்து 2 லட்சம் கட்டினா 26 தவணை காலி, சுமார் 7 லட்சம் லாபம். அதே 2 லட்சத்தைப் பத்தாவது வருஷம் கட்டினா 13 தவணைதான் குறையும், லாபம் இரண்டரை லட்சம். அப்படிக் கட்டும்போது "இஎம்ஐ-ஐக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா?"ன்னு கேப்பாங்க. காலத்தைக் குறைங்கன்னு எழுத்துல கொடுங்க.

போனஸ் வராதவங்களுக்கு எனக்குப் பிடிச்ச வழி, இன்கிரிமென்ட் வரும்போதெல்லாம் இஎம்ஐ-ஐ 5% ஏத்துறது. இரண்டாவது வருஷம் 36,449 ஆகும், அதாவது மாசம் 1,700 ரூபாய்தான் கூட. இப்படியே போனா 20 வருஷக் கடன் 12 வருஷம் 3 மாசத்துல முடியும், வட்டி 43 லட்சத்துலேருந்து 28 லட்சத்துக்குள்ள வந்துடும். கடைசி வருஷங்கள்ல இஎம்ஐ 60,000-ஐ நெருங்கும்ங்கிறதையும் சொல்லணும். குழந்தைகளோட ஸ்கூல் ஃபீஸ் ஏறுற நேரமும் அதுதான், முடியாத வருஷம் நிறுத்திக்கலாம்.

"அந்தக் காசை எஸ்ஐபி-ல போட்டா 12% வருமே?" வரலாம். கடனை அடைச்சா 8.5% உறுதி, எஸ்ஐபி-ல 12% எதிர்பார்ப்பு மட்டும்தான். என் கருத்து: ஆறு மாசச் செலவுக்கு எமர்ஜென்சி ஃபண்ட், டேர்ம் இன்சூரன்ஸ், ரிட்டயர்மென்ட்டுக்கான எஸ்ஐபி, இந்த மூணையும் தொடாம, அதுக்கு மேல மிஞ்சுறதை மட்டும் கடனுக்குக் கொடுங்க. எமர்ஜென்சி ஃபண்டைத் துடைச்சுக் கடனை அடைச்சுட்டு, வேலை போனப்ப 16% பர்சனல் லோன் எடுக்கிறது கொடுமை.

"வரி மிச்சமாகுது, எதுக்குக் கடனை அடைக்கிற?"ன்னு சொந்தக்காரங்க யாராவது கேப்பாங்க. குடியிருக்கிற வீட்டுக்கு வருஷம் 2 லட்சம் வரை வட்டிக் கழிவு, பழைய வரி முறையில மட்டும்தான். நம்மள்ல பல பேர் இப்ப இருக்கிற புது முறையில அது கிடையாது.

கடன் வாங்கும்போதே கவனிக்க வேண்டியது இன்னொண்ணு, கடனோட சேத்துக் கட்டுற இன்சூரன்ஸ். 1.2 லட்சம் ஒரே பிரீமியம், "கையிலேருந்து தர வேண்டாம், லோன்லயே சேத்துடலாம்"னு சொல்லுவாங்க. 8.5%-ல 20 வருஷம் ஓடினா அந்த 1.2 லட்சம் இரண்டரை லட்சம் ஆயிடும். பாதுகாப்பு அவசியம், ஆனா அதைக் கடன் கொடுக்கிற இடத்துலயே வாங்கணும்னு எந்தச் சட்டமும் இல்ல. தனியா ஒரு டேர்ம் பாலிசி விலையை விசாரிச்சுட்டு முடிவு பண்ணுங்க.

கடைசித் தவணை போன பிறகு செய்ய வேண்டிய வேலை ரெண்டு. முழுக் கடனும் அடைஞ்ச 30 நாளுக்குள்ள ஒரிஜினல் பத்திரங்களை பேங்க் திருப்பித் தரணும், அவங்க தரப்புல தாமதம் ஆனா ஒரு நாளைக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. இது 2023 டிசம்பர் 1-லேருந்து நடைமுறையில இருக்கு. அடுத்து, கடன் வாங்கும்போது சார்பதிவாளர் ஆபீஸ்ல எம்ஓடி பதிவு பண்ணியிருந்தா, அதை ரத்து பண்ற ரசீது ஆவணத்தையும் பேங்க் ஆளைக் கூட்டிட்டுப் போய்ப் பதிவு பண்ணணும். இல்லைன்னா வில்லங்கச் சான்றுல அந்தக் கடன் அப்படியே நிக்கும், பத்து வருஷம் கழிச்சு வீட்டை விக்கப் போறப்போ வாங்க வர்றவரோட வக்கீல் முதல்ல கேக்குறது அதைத்தான்.