நெதரைட்: ஹார்ட் டிஸ்க்கில் புதைந்திருக்கும் அபூர்வத் தாது

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கிய வீடுகளில் பிள்ளைகள் முதலில் கேட்பது கேம்ஸ்தான். அதிலும் மைன்கிராப்ட் என்ற பெயரைக் கேட்காத வீடு குறைவு. இந்த விளையாட்டில் கிடைக்கும் ஓர் அபூர்வத் தாதுவைப் பற்றியும், அதனால் நான் படித்த பாடத்தைப் பற்றியும் இந்தக் கட்டுரையில் சொல்கிறேன்.

மைன்கிராப்ட் ஸ்வீடன் நாட்டில் உருவானது. மார்கஸ் பெர்சன் என்பவர் ஜாவா மொழியில் எழுதி 2009-ல் வெளியே விட்டார். முழு வடிவம் 2011 நவம்பரில் வந்தது. 2014-ல் மைக்ரோசாப்ட் இதை வாங்கியது. உலகம் முழுவதும் சதுரக் கட்டிகளால் ஆனது. கட்டிகளை வெட்டி எடுக்கலாம், அடுக்கி வீடு கட்டலாம்.

நெதரைட் என்றால் என்ன?

இந்த விளையாட்டில் நெதர் என்ற தனி நெருப்பு உலகம் இருக்கிறது. அங்கேதான் ஏன்ஷியன்ட் டெப்ரிஸ் என்ற தாது கிடைக்கும். 2020-ல் வந்த 1.16 பதிப்பில் இதைச் சேர்த்தார்கள். வைரப் பிக்காக்ஸுக்குக் குறைந்த எதனாலும் இதை வெட்டி எடுக்க முடியாது. வெடி வைத்தாலும் உடையாது. எரிமலைக் குழம்பில் விழுந்தாலும் எரியாது.

விளையாட்டு உலகம் 16-க்கு 16 கட்டி கொண்ட துண்டுகளாகப் பிரிக்கப்பட்டிருக்கும். இதற்கு சங்க் என்று பெயர். நெதரில் ஒரு சங்க்கில் நிலப்பரப்பு உருவாகும் உயரம் 128 கட்டி. அதாவது மொத்தம் 32,768 கட்டிகள். அவற்றில் இந்தத் தாது பெரும்பாலும் ஐந்துக்கு மேல் இருக்காது. வெளியே தெரியாமல் பாறைக்குள் புதைந்திருக்கும்.

கிடைத்ததை உலையில் உருக்கினால் ஒரு துண்டு வரும். நான்கு துண்டுகளோடு நான்கு தங்கக் கட்டிகளைச் சேர்த்தால் ஒரு நெதரைட் கட்டி. தலை முதல் கால் வரை கவசத்துக்கு நான்கு கட்டி வேண்டும். அதாவது 16 தாதுக்கள்!

நான் செய்த தவறு

என் அக்கா மகன் ஏழாம் வகுப்பு படிக்கிறான். நான்கு மாதம் தோண்டி முழுக் கவசமும் சேர்த்துவிட்டான். அந்தச் சமயத்தில் அவர்கள் கம்ப்யூட்டர் மிகவும் மெதுவாக ஓடியது. "நீதான் சாப்ட்வேர் இன்ஜினியர் ஆச்சே, கொஞ்சம் பாருடா" என்றாள் அக்கா. டெஸ்க்டாப், டாக்குமென்ட்ஸ், பிக்சர்ஸ் மூன்றையும் பென் டிரைவில் காப்பி செய்தேன். ஹார்ட் டிஸ்க்கை பார்மட் செய்து விண்டோஸை மறுபடி பதித்தேன்.

மாலையில் பையன் வந்து கேமைத் திறந்தான். "மாமா, என் வேர்ல்டு எங்க?"

அப்போதுதான் உறைத்தது. மைன்கிராப்ட் தன் உலகங்களை டாக்குமென்ட்ஸில் வைப்பதில்லை. ஆப்டேட்டா என்ற போல்டரில் வைக்கிறது. இதை விண்டோஸ் மறைத்தே வைத்திருக்கும். தினமும் கம்ப்யூட்டரோடு பிழைப்பு நடத்தும் நான் அதைப் பார்க்கவில்லை. அவன் அழவில்லை. சாப்பிடாமல் படுத்துவிட்டான்.

விதை எண் செய்த உதவி

மறுநாள் அவனுடைய கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில் ஒரு நீண்ட எண் கிடைத்தது. நண்பனுக்குக் கொடுப்பதற்காக எழுதி வைத்த 'சீட்' எண். தாது கிடைத்த சில இடங்களையும் அதன் கீழே குறித்து வைத்திருந்தான்.

சீட் என்றால் விதை. மைன்கிராப்ட் உலகம் ஒரு பக்கம் மட்டும் சுமார் 6 கோடி கட்டி நீளம். இவ்வளவையும் ஹார்ட் டிஸ்க்கில் எழுத முடியாது. எனவே இந்த எண்ணை வைத்துக் கணக்குப் போட்டுத்தான் மலை, நதி, தாது எல்லாம் உருவாகின்றன. நீங்கள் நடந்து போன பகுதி மட்டுமே பைலில் பதிவாகும். ஒரே புள்ளி வைத்து, ஒரே முறையில் இழுத்தால் அதே கோலம்தானே வரும்? அதுபோல அதே பதிப்பில் அதே எண்ணைக் கொடுத்தால் அதே உலகம் வரும்.

புது உலகம் தொடங்கும்போது அந்த எண்ணைக் கொடுத்தோம். அதே மலை வந்தது! மறுபடி வைரப் பிக்காக்ஸ் செய்ய அவனுக்கு இரண்டு வாரம் பிடித்தது. நெதருக்குப் போய்க் குறித்த இடத்தில் தோண்டினான். தாது அங்கேயே இருந்தது.

ஆனால் அவன் கட்டிய வீடு இல்லை. வளர்த்த நாயும் இல்லை. அவை எந்தக் கணக்கிலும் வராதவை. அவன் கையால் செய்தவை. அபூர்வம் என்று நினைத்த தாது ஓர் எண்ணிலிருந்து திரும்பக் கிடைத்தது. சாதாரணம் என்று நினைத்த வீடு கிடைக்கவில்லை.

பேக்கப் எடுப்பது எப்படி?

ஜாவா பதிப்பில் இது மிகவும் எளிது.

1. சிங்கிள் பிளேயர் பட்டனை அழுத்துங்கள். உங்கள் உலகங்களின் பட்டியல் வரும்.
2. வேண்டிய உலகத்தை ஒரு முறை மட்டும் கிளிக் செய்து, எடிட் பட்டனை அழுத்துங்கள்.
3. மேக் பேக்கப் என்பதை அழுத்துங்கள். தேதியோடு ஒரு ஜிப் பைல் உருவாகும்.
4. ஓப்பன் பேக்கப்ஸ் போல்டர் என்பதை அழுத்தி, அந்தப் பைலைப் பென் டிரைவில் காப்பி செய்யுங்கள்.

நான்காவது படியை விட்டுவிடாதீர்கள். பேக்கப் அதே ஹார்ட் டிஸ்க்கில் இருந்தால், பார்மட் செய்யும்போது அதுவும் சேர்ந்தே போய்விடும்.

இது கேமுக்கு மட்டும் அல்ல. நீங்கள் பயன்படுத்தும் ஒவ்வொரு சாப்ட்வேரும் தன் பைல்களை எங்கே வைக்கிறது என்று தெரிந்து வைத்துக் கொள்ளுங்கள். யாராவது உங்கள் கம்ப்யூட்டரை பார்மட் செய்ய வந்தால், அவர் இன்ஜினியராகவே இருந்தாலும், வீட்டில் உள்ள ஒவ்வொருவரிடமும் "உனக்கு எது வேண்டும்?" என்று முதலில் கேளுங்கள். சின்னப் பிள்ளைகளிடமும்தான். நான் கேட்கவில்லை.

இப்போது ஞாயிறுதோறும் பேக்கப் எடுப்பது அவன் வேலை. பென் டிரைவ் வாங்கிக் கொடுத்தது நான்.