மாக்லோர்: தன் குற்றத்தையே பாட்டாக்கியவன்

'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' படம் பார்த்தவங்களுக்கு எல்ராண்டைத் தெரிஞ்சிருக்கும். ரிவெண்டெல்லோட தலைவர். அவரைச் சின்ன வயசுல வளர்த்தது யாருன்னு படத்துல வராது. வளர்த்தவர் பெரிய இசைக் கலைஞர். எல்ராண்டோட ஊரையே அழிச்சவங்கள்ல அவரும் ஒருத்தர். பேரு மாக்லோர். இன்னைக்கு அவர் கதைதான்.

இது 'தி சில்மரில்லியன்' புத்தகத்துல வருது. டோல்கீன் 1973-ல இறந்த பிறகு, அவரோட கையெழுத்துப் பிரதிகளை மகன் கிறிஸ்டோபர் தொகுத்து 1977-ல வெளியிட்டார்.

மாக்லோரோட அப்பா ஃபியனோர், எல்ஃப்கள்லயே ரொம்பத் திறமையான கைவினைஞர். சில்மரில்னு மூணு ஒளிக்கற்களைச் செஞ்சார். மோர்காத் அதைத் திருடிட்டுப் போயிட்டான். படத்துல வர்ற சௌரானுக்கே எஜமான் இவன்தான். கல்லை யார் வச்சிருந்தாலும் விடமாட்டோம், தவறினா முடிவில்லாத இருள் எங்களுக்குன்னு ஃபியனோரும் ஏழு மகன்களும் சத்தியம் பண்ணாங்க. மாக்லோர் ரெண்டாவது மகன்.

மோர்காத்தைத் துரத்தக் கப்பல் வேணும். அல்குவலோண்டே துறைமுகத்துல இருந்த டெலேரி எல்ஃப்கள் தரமாட்டோம்னு சொல்லிட்டாங்க. அவங்களைக் கொன்னு கப்பலைப் பிடுங்கிட்டுப் போனாங்க. எல்ஃபை எல்ஃப் கொன்ன முதல் சம்பவம் அது.

அதைப் பத்தி மாக்லோர் இயற்றின புலம்பல்தான் 'நோல்டோலாண்டே'. 'நோல்டோரின் வீழ்ச்சி'ன்னு அர்த்தம். நோல்டோர்ங்கிறது அவரோட சொந்த இனம். நம்ம ஊர்ல ஒப்பாரி வைக்கிறது பறிகொடுத்தவங்க. இங்க பாடுறது கொன்னவங்க பக்கத்து ஆளு.

பாட்டுல இவருக்கு மேல வச்சுச் சொல்லப்படுறவர் டோரியாத்தோட பாடகர் டைரோன் மட்டும்தான். ஆனா நோல்டோலாண்டேல இருந்து ஒரு வரிகூடப் புத்தகத்துல கிடையாது. பெரன்-லூத்தியன் காதலுக்கு 4,000 வரிக்கு மேல எழுதின டோல்கீன், இதுக்குப் பேரை மட்டும் கொடுத்துட்டு நகர்ந்துடுறார்.

குற்றமும் அல்குவலோண்டேவோட நிக்கல. ஒரு சில்மரில் டோரியாத்துல இருக்குன்னு தெரிஞ்சதும் அங்க போய்க் கொன்னாங்க. அப்புறம் சிரியன் முகத்துவாரம். அங்க கல்லை வச்சிருந்த எல்விங் அதோட கடல்ல குதிச்சுட்டா. அவளோட இரட்டைப் பசங்க எல்ராண்டும் எல்ராஸும் கரையிலேயே சிக்கிக்கிட்டாங்க. மாக்லோர் இரக்கப்பட்டு வளர்த்தார். நாளடைவுல அவங்களுக்குள்ள பாசமும் வந்துடுச்சு.

கடைசில மோர்காத் தோத்துட்டான். மீதி ரெண்டு கல்லும் ஜெயிச்சவங்க முகாம்ல இருக்கு. அப்போ உயிரோட இருந்தது மாக்லோரும் அண்ணன் மைத்ரோஸும்தான். சரணடைஞ்சிடலாம்னு மாக்லோர் சொல்றார். அவரோட லாஜிக் எனக்கு ரொம்பப் பிடிக்கும். சத்தியத்தைக் காப்பாத்தினாலும் இருள்தான், மீறினாலும் இருள்தான்னா, மீறுறதுல பாவமாவது குறையும். கோட் எழுதுறவங்களுக்குப் புரியும்: இஃப், எல்ஸ் ரெண்டுலயும் ஒரே அவுட்புட்னா, சேதம் கம்மியான வழியை எடுக்கணும். ஆனா அண்ணன் பேச்சுக்கு இறங்கிப் போயிடுறார். காவலர்களைக் கொன்னு கல்லை எடுக்குறாங்க.

கைல எடுத்ததும் கல் சுடுது. அதுக்கான உரிமையை அவங்க எப்பவோ இழந்துட்டாங்க. மைத்ரோஸ் கல்லோட நெருப்புப் பள்ளத்துல விழுந்துடுறார். மாக்லோர் கல்லைக் கடல்ல எறிஞ்சுட்டு, வலியோடயும் வருத்தத்தோடயும் பாடிக்கிட்டே கரையோரமா அலையுறார். அவர் செத்ததா அந்தப் புத்தகம் சொல்லல. ஆனா 1951 வாக்குல எழுதின ஒரு கடிதத்துல, சகோதரர்கள்ல ஒருத்தர் கடல்லயும் ஒருத்தர் நிலப்பிளவுலயும் விழுந்து மாண்டதா டோல்கீன் எழுதியிருக்கார்.

குற்ற உணர்ச்சியை அழகாச் சொல்றது வேற, குற்றத்தை நிறுத்துறது வேற. மாக்லோருக்கு முதலாவது அற்புதமா வந்தது, ரெண்டாவது வரவே இல்ல. அவரோட பெரிய பாட்டு நம்ம கைக்குக் கிடைக்கல. அவர் வளர்த்த பசங்க கிடைச்சாங்க. எல்ராஸ் நூமெனோரோட முதல் அரசன், அரகார்னோட மூதாதை. எல்ராண்டோட ரிவெண்டெல், வர்றவங்களுக்கெல்லாம் கதையும் பாட்டும் கிடைக்கிற வீடு. என்னைக் கேட்டா, மாக்லோரோட நல்ல படைப்பு அந்த ரெண்டு பசங்கதான்.